குட்டி ஷான் சமஸ்தானம் ஒன்றின் வரலாற்றைத் தொகுப்பது எப்படி

பர்மாவின் கிழக்கு மேட்டுநிலத்தில் 1959 வரை முப்பதுக்கும் மேற்பட்ட ஷான் சமஸ்தானங்கள் இருந்தன. கெங்துங், சிபோ, யோங்வே போன்ற பெரியவற்றைப் பற்றிப் படிக்க நிறையக் கிடைக்கும். சின்னவற்றைத் தேடிப் போனால் பழைய கெசட்டியரில் (ஆங்கிலேய அரசின் ஊர் விவரத் தொகுப்பு) அரைப் பத்தியும், ஒன்றைப் பார்த்து ஒன்று எழுதிய அரசர் பட்டியல்களும்தான் மிஞ்சும். கெங்துங் சுமார் 12,000 சதுர மைல். மேற்கோரத்து மியெலாட் பகுதியிலோ 40 சதுர மைலுக்கும் குறைவான சமஸ்தானங்கள் உண்டு. அப்படி ஒன்றை எடுத்து, யார் ஆண்டார்கள், யாரெல்லாம் வாழ்ந்தார்கள், எப்போது எதற்குள் கரைந்தது என்று எழுத முனைபவர்களுக்கான வழிமுறை இது.

பலரும் எல்லைக்கோட்டில் தொடங்குகிறார்கள். அது கடைசியில் செய்ய வேண்டிய வேலை. இந்த மலைகளில் ஆட்சி என்பது நிலத்தைவிட ஆட்களின் மேல்தான் நடந்தது. எத்தனை வீடுகள் யாருக்கு வரி கட்டின என்பதே சமஸ்தானம். ஆகவே முதலில் பெயர், அப்புறம் பட்டம், ஆண்டு, வீட்டுக் கணக்கு, மக்கள். வரைபடத்தைப் பிறகு விரிக்கலாம்.

பெயரைப் பிடித்தல்

ஒவ்வோர் ஊருக்கும் குறைந்தது இரண்டு பெயர் இருக்கும்: ஷான்கள் சொல்வது, பர்மியர் சொல்வது. 1880களின் ஆங்கில அறிக்கைகள் பெரும்பாலும் பர்மியப் பெயரை எழுதின. 1900ஐ ஒட்டி வந்த கெசட்டியர் ஷான் பெயருக்கு மாறியது. இன்றைய அரசு வரைபடம் மறுபடி பர்மியப் பெயருக்கே வந்துவிட்டது. மூன்றிலும் ஒரே ஊர்தான் என்று தெரியாவிட்டால், இல்லாத மூன்று ஊர்களுக்கு வரலாறு எழுதிக்கொண்டிருப்பீர்கள்.

மாற்றத்துக்கு ஓர் ஒழுங்கு உண்டு, அதைக் கையில் வைத்திருந்தால் பாதி வேலை முடிந்தது. ஆங்கிலத்தில் எச், எஸ் என்ற இரண்டு எழுத்துகளோடு தொடங்கும் ஷான் பெயர், பர்மியத்தில் 'த' ஒலியோடு தொடங்கும். சிபோ, தீபோ ஆகும். சென்வி, தெய்ன்னி ஆகும். சாமோங்காம், தமாகான் ஆகும். 'மோங்' என்பது 'மைங்' அல்லது 'மோ' ஆகிவிடும்: மோங்பான், மைங்பான்; மோங்பை, மோபியே; மோங்மித், மொமெய்க். 'கெங்' என்பது 'க்யைங்' ஆகும், அதையும் வாயில் சொல்லும்போது 'சைங்' என்றுதான் கேட்கும். 'லோய்' என்பது 'ல்வெ', 'வான்' என்பது 'பான்'. இந்தச் சொற்களுக்குப் பொருளும் தெரிந்திருப்பது நல்லது. மோங் என்றால் நாடு, கெங் மதில் சூழ்ந்த நகரம், லோய் மலை, 'நம்' என்றால் நீர், நோங் குளம், வான் ஊர்.

ஒழுங்கில் அடங்காதவையும் உண்டு. மோங்னை என்ற பெரிய சமஸ்தானம் பர்மியத்தில் மொனே. லைக்கா, லெக்யா. யோங்வே இன்றைக்கு நியாவுங்ஷ்வே. பாங்தாரா என்று பழைய தாளில் பார்த்தால் அது குகைக் கோயிலுக்குப் பேர்போன பிண்டயாதான்.

இங்கே கவிழ்க்கும் குழிகள் மூன்று. ஒன்று, சாதுங். இது பா-ஓ மக்களின் சமஸ்தானம், பர்மியத்தில் தாட்டோன். கீழ்ப்பர்மாவில் மோன் அரசர்களின் பழைய தலைநகரும் தாட்டோன்தான். போதாக்குறைக்கு, பா-ஓ மக்களே தங்கள் முன்னோர் அந்தத் தெற்குத் தாட்டோனிலிருந்து வந்தவர்கள் என்கிறார்கள். எனவே ஆவணத்தில் தாட்டோன் என்று வந்தால் பக்கத்தில் வேறு எந்த ஊர்ப் பெயர் இருக்கிறது என்று பாருங்கள். கீழ்ப்பர்மா நகரமான மொல்மீன் வந்தால் அது உங்களுடையது அல்ல. இரண்டாவது, தீபோ. பர்மாவின் கடைசி மன்னர் தீபோவுக்கு அந்தப் பெயர் சிபோவை வைத்து வந்தது. தேடுபொறியில் தீபோ என்று போட்டால் மன்னர்தான் வருவார், சமஸ்தானம் வராது. மூன்றாவது, மோங்பான், மோங்பொன், மோங்பை. மூன்றும் வெவ்வேறு. 1947 ஜூலை 19 அன்று பர்மிய விடுதலைத் தலைவர் ஆங் சானோடு சுடப்பட்டு மறுநாள் இறந்த சாவோ சாம் துன், மோங்பொன்னின் ஆட்சியாளர்.

செய்ய வேண்டியது இவ்வளவுதான்: ஒரு தாளில் ஐந்து கட்டம் போடுங்கள். ஷான் பெயர், பர்மியப் பெயர், 1880களின் எழுத்துக்கூட்டல், கெசட்டியர் எழுத்துக்கூட்டல், இன்றைய நகரிய வட்டத்தின் பெயர். ஐந்தும் நிரம்பும்வரை அடுத்த படிக்குப் போக வேண்டாம்.

பட்டம்

ஆட்சியாளர்கள் மூன்று தரம். மேலே சாவோஃபா, பர்மிய உச்சரிப்பில் சாப்வா. 'வானத்தின் தலைவன்' என்று பொருள். அடுத்து மியோசா, 'ஊரைத் தின்பவர்', அதாவது ஊரின் வருவாயில் வாழ்பவர். கடைசியில் ங்வேகுன்மு, வெள்ளியாக வரி செலுத்தும் பொறுப்பாளர். இவர்கள் பெரும்பாலும் மியெலாட்டில்தான். அந்தப் பக்கத்து ஊர்ப் பெயர்களில் 'போ' என்று தொடங்குபவை சுரங்கத்தைக் குறிக்கும். போசைங்கில் வெள்ளியும் ஈயமும் எடுத்தார்கள்.

பட்டம் நிலையானது என்று நினைத்துவிட வேண்டாம். ஒருவர் மியோசாவாக இருந்து சாவோஃபாவாக உயர்த்தப்படலாம். 1900ஐ ஒட்டி மியோசா என்று பதிவான சாதுங்கின் தலைவர், 1947 பிப்ரவரி 12 பாங்லோங் உடன்படிக்கையில் (ஆங் சானும் மலைப்பகுதித் தலைவர்களும் கையெழுத்திட்டது) 'சாவோஃபாலோங்', பெரிய சாவோஃபா, என்று குறிக்கப்படுகிறார். இதைப் பிழை என்று திருத்திவிடாதீர்கள். பட்டம் மாறிய ஆண்டு தனி நிகழ்ச்சி. அதற்கொரு வரி ஒதுக்குங்கள். அதே உடன்படிக்கையில் ஷான் தரப்பில் பலருக்குப் பெயர் இல்லை, 'தவுங்பெங் சாவோஃபாலோங்', 'லைக்கா சாவோஃபாலோங்' என்று பதவி மட்டும்தான். அந்த ஆண்டில் அந்தப் பதவியில் இருந்தது யார் என்று நீங்கள்தான் வேறிடத்தில் உறுதிசெய்ய வேண்டும்.

பெயர்களிலும் கவனம் தேவை. 'சாவோ', 'குன்' ஆகியவை மரியாதைச் சொற்கள், 'நாங்' பெண்களுக்கு. அவற்றை நீக்கிவிட்டு அகரவரிசைப்படுத்தினால்தான் தந்தையும் மகனும் பக்கத்துப் பக்கத்தில் வருவார்கள். பட்டமேறும்போது சூடிய நீண்ட பாலிப் பெயர் தனி. அது பல சமஸ்தானங்களில் ஏறத்தாழ ஒன்றேபோல் இருக்கும், அதை வைத்து ஆளை அடையாளம் காண முடியாது.

ஆட்சியாளர் பட்டியலில் ஒரு வரிக்கு ஆறு விவரம் இருக்கட்டும்: பெயர், பட்டம், முன்னவருக்கு என்ன உறவு, தொடங்கிய ஆண்டு, முடிந்த ஆண்டும் காரணமும், எந்தத் தாளில் கிடைத்தது. கடைசியை விட்டவர்கள்தான் இணையப் பட்டியல்களைக் குட்டிச்சுவராக்கியவர்கள்.

1887 தொடங்கி ஆங்கிலேயர் ஆட்சியாளர் ஒவ்வொருவருக்கும் சன்னது, அதாவது ஆட்சி உரிமைப் பத்திரம், கொடுத்தார்கள். அதில் கப்பம் எவ்வளவு, காடும் கனிமமும் யாருக்கு என்றெல்லாம் எழுதியிருக்கும் (அரசுக்குத்தான்). ஒரு சிறு சமஸ்தானத்துக்குக் கிடைக்கும் ஆவணங்களில் மிக உருப்படியானது இந்தச் சன்னது. அது கிடைத்தால் அதையே அடித்தளமாக்கி முன்னும் பின்னும் நகருங்கள்.

ஆண்டைப் பெயர்த்தல்

உள்ளூர் வரலாற்றேடுகளிலும் புத்தர் சிலைப் பீடங்களிலும் வரும் ஆண்டு பெரும்பாலும் பர்மிய சகாப்தம். அதோடு 638 கூட்டினால் கி.பி. ஆண்டு. பர்மியப் புத்தாண்டும் நம் சித்திரைப் பிறப்பைப்போல் சூரியன் மேஷத்தில் புகும் ஏப்ரல் நடுவில்தான் வரும், அதனால் தமிழருக்கு இது புரிவது எளிது: ஜனவரியிலிருந்து ஏப்ரல் நடுவரை உள்ள தேதிக்கு 639 கூட்ட வேண்டும். சரிபார்த்துக்கொள்ள இரண்டு தேதி. தீபோ மன்னர் பதவி இழந்தது 1885 நவம்பர், சகாப்தம் 1247. பர்மா சுதந்திரம் 1948 ஜனவரி 4, சகாப்தம் 1309.

புத்த ஆண்டு வந்தால் இன்னொரு சிக்கல். பர்மாவும் இலங்கையும் ஒரு கணக்கு, தாய்லாந்து ஒரு கணக்கு, இரண்டுக்கும் ஓராண்டு வித்தியாசம். இலங்கையில் 1956இல் 2500ஆம் புத்த ஜயந்தி கொண்டாடியது நினைவிருந்தால் போதும், பர்மியக் கணக்கும் அதுதான். தாய்லாந்தில் 2500 வந்தது 1957இல். கெங்துங் பக்கத்து ஏடுகளில் எந்தக் கணக்கு என்று முதலில் கேளுங்கள்.

இக்கால ஷான் வெளியீடுகளில் தனி ஷான் ஆண்டு இருக்கும். அது நவம்பர் கடைசியிலோ டிசம்பரிலோ பிறக்கிறது. 2018 டிசம்பரில் தொடங்கியது 2113. இதை வைத்து எண்ணிக்கொள்ளலாம். இதுவும் தவிர, பழைய ஏடுகளில் அறுபதாண்டுச் சுழற்சி வரும். நம் பிரபவ, விபவபோல் அறுபது தனிப் பெயர் அல்ல. பத்துச் சொல்லும் பன்னிரண்டு சொல்லும் ஜோடி சேர்ந்து ஓடும், சீனர்களின் கணக்கோடு ஒத்தது. சகாப்த எண்ணும் சுழற்சிப் பெயரும் சேர்ந்து வந்து ஒன்றோடொன்று பொருந்தாவிட்டால், பிரதி எடுத்தவர் எண்ணைத் தவறாக எழுதியிருக்க வாய்ப்பு அதிகம். பெயரை நம்புங்கள்.

எல்லா ஏடுகளும் வானிலிருந்து தங்க ஏணியில் இறங்கிய குன் லுங், குன் லாய் என்ற இருவரிடம் போய் முடியப் பார்க்கும், அதற்கு கி.பி. 568 என்று ஆண்டும் தருவார்கள். சிரித்துவிட்டுத் தள்ள வேண்டாம், அப்படியே எடுத்துக்கொள்ளவும் வேண்டாம். எந்தக் குடும்பம் எந்தப் பெரிய குடும்பத்தோடு தன்னை ஒட்டவைக்கப் பார்த்தது என்பதற்கு அது நல்ல சான்று. ஆள், ஊர், வரி என்று விவரம் கூடிவரும் இடத்திலிருந்துதான் காலவரிசையைத் தொடங்க வேண்டும். சிறு சமஸ்தானங்களில் அது 18ஆம் நூற்றாண்டுக்கு முன்னால் போவது அரிது.

எதை எங்கே படிப்பது

முதலில் 1908ஐ ஒட்டி வந்த இந்திய இம்பீரியல் கெசட்டியர். ஒவ்வொரு சமஸ்தானத்துக்கும் பரப்பு, 1901 மக்கள்தொகை, வருவாய், கப்பம் ஆகியவை சில வரிகளில் இருக்கும். அடுத்து ஸ்காட்டும் ஹார்டிமனும் தொகுத்து 1900, 1901இல் ரங்கூனில் அச்சான மேல்பர்மா-ஷான் கெசட்டியர், ஐந்து தொகுதி. முதல் இரண்டில் வரலாறும் இனக்குழுக்களும். பின் மூன்றில் ஊர்கள் அகரவரிசையில். சமஸ்தானத்தின் பெயரை மட்டும் பார்த்துவிட்டு மூடிவிடாதீர்கள். அதன் உட்பிரிவுகள் தனித்தனித் தலைப்பில் சிதறிக் கிடக்கும். சிபோவுக்குள் மோங்லோங், சும்சாய், மோங்துங் என்று உண்டு; சும்சாய் பர்மியத்தில் தோன்ஸே.

அதன்பின் கோப்புகள். பர்மா 1937 ஏப்ரல் 1 வரை பிரிட்டிஷ் இந்தியாவின் மாகாணம், ஆகவே அதுவரையிலான வெளியுறவுத் துறைக் கோப்புகள் டெல்லியில் இந்தியத் தேசிய ஆவணக் காப்பகத்தில் இருக்கின்றன. அதன் அபிலேக் படல் இணையதளத்தில் வீட்டிலிருந்தே தேடலாம். தேடும்போது பழைய எழுத்துக்கூட்டலையும் போடுங்கள்; 'நியாவுங்ஷ்வே' என்று போட்டால் 1888 தாள் ஒன்றும் வராது. 1937க்குப் பிந்தையவை லண்டன் பிரிட்டிஷ் நூலகத்தில், பர்மா அலுவலகப் பதிவுகள் என்ற தொகுப்பில். ஆண்டறிக்கைகளும் அங்கே உண்டு. அறிக்கை ஆண்டு 1895-96 என்று இரட்டையாக வரும், எந்தத் தேதியில் முடிகிறது என்பதை முகப்பிலேயே குறித்துக்கொள்ளுங்கள், இல்லாவிட்டால் ஒரு மரணத்தை ஓராண்டு தள்ளிவிடுவீர்கள்.

வரைபடத்துக்கு சர்வே ஆஃப் இந்தியாவின் பழைய தாள்கள். 93 என்ற எண் வடக்கு 20 முதல் 24 பாகை, கிழக்கு 96 முதல் 100 பாகை. அதை ஆங்கில எழுத்து A முதல் P வரை பதினாறாக, மேலிருந்து கீழாக, இடமிருந்து வலமாகப் பிரித்திருப்பார்கள். பிண்டயா 93-D, தவுஞ்ஜி 93-H. இந்த இரண்டு தாளில் மியெலாட்டின் பெரும்பகுதி அடங்கிவிடும்.

வீட்டுக் கணக்கும் வீசையும்

கெசட்டியர் தரும் வீட்டு எண்ணிக்கை வரிக்காக எடுத்தது. வரி கட்டாத வீடு அதில் சேர்ந்ததா என்று பாருங்கள். வீட்டுக்கு ஐந்து பேர் என்று பெருக்குவது அக்கால அதிகாரிகளின் பழக்கம். நீங்கள் பெருக்கினால் 'மதிப்பீடு' என்று பக்கத்தில் எழுதிவிடுங்கள். அதைவிட முக்கியம், 1887-92 எண்களை வழக்கமான நிலை என்று எடுத்துக்கொள்ளக் கூடாது. 1882இல் மோங்னையின் சாவோஃபா தீபோ மன்னருக்கு எதிராக எழுந்து கெங்துங்குக்கு ஓடினார். அதிலிருந்து லிம்பின் இளவரசரை முன்னிறுத்திய ஷான் தலைவர்களின் கூட்டணிச் சண்டைகள் அடங்கும் 1887 வரை நடுப்பகுதி எரிந்தது. மோங்னை, லைக்கா போன்ற இடங்களில் மக்கள் வெளியேறியிருந்தார்கள். 1901இல் எண் ஏறினால் அது பிறப்பு அல்ல, திரும்பி வந்தவர்கள்.

எடை அளவில் தமிழருக்கென்றே ஒரு பொறி இருக்கிறது. தேயிலையும் ஈயமும் 'விஸ்' கணக்கில் வரும். அந்தச் சொல் நம் வீசைதான், கடல் தாண்டிப் போனது. ஆனால் எடை வேறு: பர்மிய வீசை சுமார் 1.63 கிலோ, சென்னை வீசை சுமார் 1.4 கிலோ. தவுங்பெங் தேயிலைக் கணக்கை நம் வீசையாக நினைத்து மாற்றினால் ஏழில் ஒரு பங்கு காணாமல் போகும். நெல்லுக்கான கூடை அளவோ ஊருக்கு ஊர் மாறும். கிலோவாக மாற்றாமல் கூடை என்றே விட்டுவிடுவது நேர்மை.

மக்கள்

ஷான் சமஸ்தானம் என்பதால் ஆண்டவர் ஷான் என்று முடிவு கட்டாதீர்கள். தவுங்பெங்கின் சாவோஃபா பலாவுங், சாதுங்கில் பா-ஓ, கோகாங்கில் சீன மொழி பேசும் யாங் குடும்பம், மியெலாட்டின் பல ங்வேகுன்முக்கள் தனு மக்களிடையே இருந்தவர்கள். ஷான்களும் தங்களை 'தாய்' (Tai) என்றுதான் சொல்கிறார்கள், ஷான் என்பது பர்மியர் வைத்த பெயர்.

பழைய தாளில் இருக்கும் பெயரை இன்றைய பெயரோடு இணைக்க வேண்டும். தவுங்து இன்று பா-ஓ. பலாவுங் தங்களைத் தஆங் என்கிறார்கள். முசோ என்று எழுதியிருந்தால் லாஹு, காவ் என்றிருந்தால் ஆக்கா. படவுங், கயான். இவற்றில் மோசமானது 'யாங்'. ஷான்கள் கரேன் மக்களை யாங் என்பார்கள். ஆனால் யாங்லாம் முதலிய பெயர்களில் வருபவர்கள் ரியாங், பலாவுங்குக்கு நெருங்கிய மொழி பேசுபவர்கள், கரேனோடு சம்பந்தம் இல்லை. யாங் என்று கண்டதும் கரேன் கணக்கில் சேர்த்துவிட்ட பட்டியல்கள் உண்டு. கெசட்டியரின் முதல் பகுதியில் சொல் பட்டியல்கள் அச்சாகியிருக்கின்றன. எண்களையும் 'நீர்', 'தீ' போன்ற சொற்களையும் ஒப்பிட்டாலே எந்தக் குடும்பம் என்று பிடிபடும்.

மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் ஷான் பகுதி பெருமளவு உள்ளே வந்தது 1901இல். விரிவான கடைசி அட்டவணை 1931. 1941 கணக்கின் பெரும்பகுதி போரில் அழிந்தது. ஆண்டுகளை ஒப்பிடும்போது கேள்வி 'இனம்' பற்றியதா 'மொழி' பற்றியதா என்று பாருங்கள். தனு பேச்சு பர்மியத்துக்கு மிக நெருக்கம். ஒரு கணக்கில் தனுவாக இருந்தவர் இன்னொன்றில் பர்மியராகி, ஒரு கிராமமே மறைந்ததுபோல் தோன்றும்.

களத்தில் கேட்க வேண்டியவை

பிண்டயாக் குகையில் 8,000க்கு மேற்பட்ட புத்தர் உருவங்கள் இருக்கின்றன. பழையவற்றின் பீடத்தில் 18ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியிலிருந்து எழுத்துகள் உண்டு. ஒவ்வொன்றையும் நேராக ஒரு படம், பக்கவாட்டில் விளக்கைச் சாய்த்து ஒரு படம் எடுங்கள். தங்கத் தகடு ஒட்டி மூடிய எழுத்து சாய்ந்த ஒளியில்தான் தெரியும். கொடையாளரின் பெயர், ஊர், பட்டம், சகாப்தம் நான்கும் கிடைத்தால் கெசட்டியரின் அரைப் பத்தியைவிட அது மேல். மடத்து மணிகளிலும் இப்படி எழுதியிருப்பார்கள்.

ஏடு வாசிக்க ஆள் வேண்டும். பழைய ஷான் எழுத்தில் தொனியைக் குறிக்கமாட்டார்கள், உயிரொலிகள் சிலவும் ஒன்றாகவே இருக்கும். ஒரே எழுத்துக்கூட்டலை நாலு விதமாகப் படிக்கலாம். 20ஆம் நூற்றாண்டின் நடுவில் சீர்திருத்திய எழுத்தை மட்டும் படித்த இளைஞர் தடுமாறுவார். மடத்தில் பழகிய முதியவரை முழு வாக்கியமாகப் படிக்கச் சொல்லிப் பதிவுசெய்யுங்கள், ஊர்ப் பெயரை மட்டும் தனியே கேட்காதீர்கள். கெங்துங் ஏடுகளின் எழுத்து வேறு, வட தாய்லாந்து எழுத்தின் உறவு.

முதியவர்களிடம் 'உங்கள் சமஸ்தானத்தின் எல்லை எது' என்றால் இன்றைய வட்ட எல்லையைச் சொல்வார்கள். ஐந்து நாளுக்கொருமுறை சுற்றிவரும் சந்தையில் உங்கள் ஊருக்கு எந்த நாள், அடுத்த நாள் எங்கே என்று கேளுங்கள். போக்குவரத்து எதனோடு இருந்தது என்று அதில் தெரியும். 2021க்குப் பின் ஷான் மாநிலத்தின் பல பகுதிகளில் சண்டை நடக்கிறது. சொன்னவரின் பெயர், கிராமம், குரல்பதிவு மூன்றையும் ஒரே கோப்பில் வைக்காதீர்கள்.

எங்கே முடிப்பது

1922 அக்டோபர் 1 அன்று ஷான் சமஸ்தானங்களின் கூட்டமைப்பு வந்தபின் சிறு சமஸ்தானங்களின் கையில் இருந்த காவல், மருத்துவம், பொதுப்பணி போன்றவை மையத்துக்குப் போயின. அவற்றின் தனிக் கோப்பு அதோடு மெலிந்துவிடும். கெங்துங், மோங்பான் இரண்டுக்கும் 1942-45 காலத் தாள்களை பாங்காக்கில் தேட வேண்டும், அப்போது அவை தாய்லாந்தின் கையில் இருந்தன. 1959 ஏப்ரலில் சாவோஃபாக்கள் பரம்பரை உரிமையைத் துறந்தார்கள். பட்டியலின் கடைசி வரி அந்த ஆண்டு, அரசரின் மரண ஆண்டு அல்ல. அதற்குப் பிந்தைய வரியில் ஊர் இன்று எதில் இருக்கிறது என்று எழுதிவிடுங்கள்: பிண்டயா என்றால் 2008 அரசமைப்பின்படி யுவாங்கனோடு சேர்ந்து தனு தன்னாட்சிப் பகுதி, சாதுங் என்றால் சிசெங் என்ற பெயரில், ஹோபோங்கோடும் பின்லவுங்கோடும் சேர்ந்து பா-ஓ தன்னாட்சிப் பகுதி.